லூப் பள்ளிக்கூடம்: நவஹோ போர்க்குறியீடும் அமெரிக்கக் குடியுரிமையும் பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

அரிசோனாவில் வின்ஸ்லோ என்ற ஊருக்கு வடமேற்கே, லிட்டில் கொலராடோ ஆற்றங்கரையில் லூப் என்று ஒரு சிற்றூர் இருக்கிறது. நவஹோ மக்களுக்கென ஒதுக்கப்பட்ட நிலத்துக்குள் அடங்கிய ஊர். பூர்வகுடி விவகாரத் துறைக்கு 1905 முதல் 1909 வரை ஆணையராக இருந்த பிரான்சிஸ் லூப்பின் பெயரை அதற்கு வைத்தார்கள். நவஹோ பிள்ளைகளைக் கொண்டுவந்து தங்கவைத்துப் படிக்கவைக்க அரசு அங்கே ஒரு உறைவிடப் பள்ளி நடத்தியது. பின்னால் பள்ளி மூடப்பட்டு, கட்டடங்கள் காலியாகக் கிடந்தன.

1943 ஏப்ரல் 27ஆம் தேதி அந்தக் காலிக் கட்டடங்களுக்குள் ஆட்களைக் கொண்டுவந்து அடைத்தார்கள். சுற்றிலும் முள்வேலி, காவல் கோபுரங்கள், ராணுவப் போலீஸ். உள்ளே இருந்தவர்கள் போர்க்கைதிகள் அல்ல. ஜப்பானியப் பெற்றோருக்கு அமெரிக்க மண்ணில் பிறந்தவர்கள். சட்டப்படி அமெரிக்கக் குடிமக்கள். அவர்கள்மீது வழக்கு இல்லை, விசாரணை இல்லை, எத்தனை நாள் உள்ளே இருக்க வேண்டும் என்ற கணக்கும் இல்லை.

அதே வருடத்தில், அதே நவஹோ நிலத்திலிருந்து போன இளைஞர்கள் பசிபிக் தீவுகளில் ரேடியோ பெட்டியைச் சுமந்துகொண்டு, அந்த மாதிரிப் பள்ளிகளில் எந்த மொழியைப் பேசியதற்காக அடி வாங்கினார்களோ அதே மொழியில் கடலிலிருந்து கரையேறிப் போரிடும் அமெரிக்க மரீன் படையின் ரகசியச் செய்திகளை அனுப்பிக்கொண்டிருந்தார்கள்.

இந்த இரண்டையும் சேர்த்துவைத்துப் பார்ப்பதுதான் இந்தக் கட்டுரை. அமெரிக்கக் குடியேற்றக் கொள்கை பற்றிய எழுத்து ஒரு அலமாரியில் இருக்கிறது. நவஹோ குறியீட்டாளர்கள், அதாவது கோட் டாக்கர்கள் பற்றிய எழுத்து வேறொரு அலமாரியில், பெரும்பாலும் வீரக்கதைகளோடு சேர்த்து, இருக்கிறது. இரண்டையும் தொடர்ந்து படித்ததில் எனக்குப் பட்டது இது: வெளியிலிருந்து வந்தவனை என்ன செய்வது என்ற கேள்விக்கும், ஆதியிலிருந்தே அங்கே இருந்தவனை என்ன செய்வது என்ற கேள்விக்கும் அமெரிக்க அரசு ஒரே பேனாவால்தான் விடை எழுதியிருக்கிறது. பல சமயம் ஒரே ஆளின் கையால், ஒரே வாரத்தில்.

ஒரு சொல் விளக்கம். தமிழில் இவர்களை வெகுகாலம் 'செவ்விந்தியர்' என்று எழுதிவந்தோம். கொலம்பஸ் செய்த தவறோடு தோல் நிறத்தையும் ஒட்டிவைத்த சொல் அது. நான் பூர்வகுடி என்றே எழுதுகிறேன். நவஹோக்கள் தங்களை டினே என்று சொல்லிக்கொள்கிறார்கள். மக்கள் என்று பொருள்.

1868 கோடைக்காலம்

கதை தொடங்குவது 1864இல். கிட் கார்சன் தலைமையில் வந்த அமெரிக்கப் படை நவஹோக்களின் சோளக்கொல்லைகளையும் பீச் மரங்களையும் அழித்தது. பட்டினியால் சரணடைந்தவர்களை 300 மைலுக்கும் மேல் நடத்தியே நியூ மெக்ஸிகோவின் கிழக்குப் பகுதியில் இருந்த போஸ்கே ரெடோண்டோவுக்குக் கொண்டுபோனார்கள். நெடும்நடை என்று அதைச் சொல்கிறார்கள். அந்த இடத்தை டினே மொழியில் ஹ்வேல்தி என்பார்கள். இன்றும் பெரியவர்கள் அந்தப் பெயரைச் சொல்லத் தயங்குவார்கள். நான்கு வருடத்தில் 2,000க்கும் மேற்பட்டவர்கள் நோயாலும் பசியாலும் செத்தார்கள்.

1868 ஜூன் 1ஆம் தேதி ஒப்பந்தம் கையெழுத்தாகி, சொந்த நிலத்தின் ஒரு பகுதிக்குத் திரும்ப விட்டார்கள். அந்த ஒப்பந்தத்தின் ஆறாவது பிரிவு, 6 முதல் 16 வயதுவரை உள்ள பிள்ளைகளைக் கட்டாயம் பள்ளிக்கு அனுப்ப வேண்டும் என்றது. 30 பிள்ளைக்கு ஒரு பள்ளிக்கூடமும் ஒரு வாத்தியாரும் தருவதாக அரசு வாக்குக் கொடுத்தது. லூப் போன்ற பள்ளிகளுக்கான வேர் இந்தப் பிரிவில்தான் இருக்கிறது.

ஒரு மாதம் கழித்து, 1868 ஜூலையில், அமெரிக்க அரசியல் சட்டத்தின் 14ஆவது திருத்தம் நடைமுறைக்கு வந்தது. அமெரிக்காவில் பிறந்து அதன் ஆளுகைக்கு உட்பட்ட எல்லோரும் குடிமக்கள் என்றது அது. அடிமையாக இருந்த கறுப்பின மக்களுக்காக எழுதிய வரி. 'ஆளுகைக்கு உட்பட்ட' என்ற இரண்டு சொல்லுக்கு என்ன பொருள் என்பதில்தான் அப்புறம் இத்தனை வழக்கும்.

ஜான் எல்க் என்பவர் பூர்வகுடியில் பிறந்து, தன் கூட்டத்தை விட்டு வந்து நெப்ராஸ்காவின் ஒமாஹா நகரத்தில் வாழ்ந்தவர். 1880இல் வாக்காளராகப் பதிவுசெய்யப் போனார். பதிவு அதிகாரி மறுத்தார். வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போனது. 1884இல் நீதிபதி ஹொரேஸ் கிரே தீர்ப்பு எழுதினார்: எல்க் அமெரிக்காவில் பிறந்தவர்தான், ஆனால் தன் இனக்குழுவுக்குக் கட்டுப்பட்டவராகப் பிறந்தவர், ஆகவே பிறப்பால் குடிமகன் அல்ல. வெளிநாட்டுத் தூதர்களுக்கு அமெரிக்காவில் பிறக்கும் பிள்ளைகளோடு அவரை ஒப்பிட்டார்.

14 வருடம் கழித்து, 1898இல், அதே ஹொரேஸ் கிரே இன்னொரு தீர்ப்பு எழுதினார். வாங் கிம் ஆர்க் சான் பிரான்சிஸ்கோவில் சீனப் பெற்றோருக்குப் பிறந்தவர், சமையல்காரர். சீனாவுக்குப் போய்விட்டு 1895இல் திரும்பி வந்தபோது, நீ குடிமகன் இல்லை என்று சொல்லிக் கப்பலிலேயே நிறுத்தினார்கள். சீனர்கள் வரவைத் தடுக்கும் சட்டம் 1882இலிருந்தே அமலில் இருந்த காலம். அவர் பெற்றோர் நினைத்தாலும் அமெரிக்கக் குடியுரிமை வாங்க முடியாது. இருந்தும் அவர் இங்கே பிறந்தவர், ஆகவே குடிமகன் என்று கிரே எழுதினார்.

இரண்டாவது தீர்ப்பு நியாயமானது. இன்றுவரை கோடிக்கணக்கானவர்களுக்குக் காவலாக நிற்பது. என் கவலை முதல் தீர்ப்பைப் பற்றியது. கப்பலில் வந்தவர்களின் பிள்ளைக்குப் பிறந்த மண் ஊரைக் கொடுத்தது. அந்த மண்ணுக்கே பிறந்தவனுக்கு அது எதையும் கொடுக்கவில்லை. ஒரே நீதிபதி, ஒரே வரி.

ஏழு நாள் இடைவெளி

1924 மே 26ஆம் தேதி ஜனாதிபதி கால்வின் கூலிட்ஜ் ஜான்சன்-ரீட் குடியேற்றச் சட்டத்தில் கையெழுத்துப் போட்டார். 1890ஆம் வருட மக்கள்தொகைக் கணக்கில் ஒரு நாட்டில் பிறந்தவர்கள் எத்தனை பேர் அமெரிக்காவில் இருந்தார்களோ அதில் 2 சதவீதம்தான் இனி அந்த நாட்டிலிருந்து வருடந்தோறும் வரலாம் என்றது அது. ஏன் 1890? இத்தாலியர்களும் கிழக்கு ஐரோப்பிய யூதர்களும் பெருவாரியாக வந்து சேரும் முன்னால் எடுத்த கணக்கு அது. அதோடு, குடியுரிமை பெறத் தகுதியில்லாத இனத்தார் அறவே வரக் கூடாது என்றது. பெயர் சொல்லாமல் ஜப்பானியருக்கு அடித்த பூட்டு. ஜப்பானில் அது ஆழமான அவமானமாகத் தைத்தது.

நம் நாட்டவருக்கு 1917இலேயே வாசல் மூடியாகிவிட்டது. 1923இல் பகத் சிங் திண்ட் வழக்கில், இந்தியர் 'வெள்ளையர்' என்ற சொல்லுக்குள் வரமாட்டார்கள் என்று உச்ச நீதிமன்றம் சொல்லி, ஏற்கெனவே குடியுரிமை வாங்கியிருந்தவர்கள் சிலரிடமிருந்தும் அதைப் பறித்தார்கள். 1946இல்தான் கதவு திறந்தது. அதுவும் வருடத்துக்கு 100 பேருக்கு.

சரி, 1924க்குத் திரும்புவோம். அந்தக் கையெழுத்துக்கு ஏழாவது நாள், ஜூன் 2ஆம் தேதி, அதே கூலிட்ஜ் இன்னொரு சட்டத்தில் கையெழுத்துப் போட்டார். அமெரிக்காவில் பிறந்த பூர்வகுடி மக்கள் அனைவரும் இனி குடிமக்கள். அவர்களை யாரும் கேட்கவில்லை. சிலர் மகிழ்ந்தார்கள். ஹோடெனோஷோனி கூட்டமைப்பைச் சேர்ந்தவர்கள், நாங்கள் தனி நாட்டினர், உங்கள் குடியுரிமை எங்களுக்கு எதற்கு என்று மறுத்தார்கள்.

இந்த இரண்டு சட்டத்தையும் தனித்தனியாகப் படித்தால் ஒன்று கதவடைப்பு, மற்றொன்று தாராளம் என்று தோன்றும். சேர்த்துப் படித்தால் அந்த வாரம் அரசு செய்துகொண்டிருந்த வேலை தெரிகிறது. நாட்டுக்குள் யார் யார் இருக்கலாம், எந்தப் பெயரில் இருக்கலாம் என்று பட்டியல் போட்டு முடிக்கும் வேலை அது.

வாக்குரிமை மட்டும் வரவில்லை. அரிசோனா உச்ச நீதிமன்றம் 1928இல், பூர்வகுடிகள் அரசின் 'பாதுகாவலில் இருப்பவர்கள்', ஆகவே வாக்களிக்க முடியாது என்றது. நியூ மெக்ஸிகோவின் அரசியல் சட்டம், வரி கட்டாத பூர்வகுடிகளுக்கு வாக்கு இல்லை என்று எழுதிவைத்திருந்தது.

1942 பிப்ரவரி

அமெரிக்காவின் பேர்ல் ஹார்பர் துறைமுகத்தை ஜப்பான் தாக்கிப் பத்து வாரம். பிப்ரவரி 19ஆம் தேதி ஜனாதிபதி ரூஸ்வெல்ட் 9066ஆம் எண் ஆணையில் கையெழுத்துப் போட்டார். மேற்குக் கடற்கரையிலிருந்த ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 1,20,000 பேரை வீடு, கடை, தோட்டம் எல்லாவற்றையும் விட்டுவிட்டுக் கிளம்பச் செய்து, முகாம்களில் அடைக்க வழிவிட்ட ஆணை. அவர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் பிறப்பால் குடிமக்கள். வாங் கிம் ஆர்க் தீர்ப்பு அவர்களைக் காக்கவில்லை.

ஒன்பது நாள் கழித்து, பிப்ரவரி 28ஆம் தேதி, சான் டியேகோவுக்குப் பக்கத்தில் கேம்ப் எலியட்டில் ஒரு சோதனை நடந்தது. நடத்தியவர் பிலிப் ஜான்ஸ்டன், லாஸ் ஏஞ்சல்ஸ் மாநகரத்தில் பொறியாளர். பாதிரியாரின் மகன். சிறு பிள்ளையாக லூப் பக்கத்தில் நவஹோ பிள்ளைகளோடு ஓடியாடி வளர்ந்ததால் அந்த மொழி அவருக்கு வந்தது. தளபதி கிளேட்டன் வோகல் முன்னிலையில் நவஹோக்கள் நான்கு பேர் இரண்டு அறைகளில் அமர்ந்து, ஆங்கிலச் செய்தியை டினே மொழியில் சொல்லி, மறுமுனையில் ஆங்கிலமாக மாற்றிக் காட்டினார்கள். வோகல் 200 பேரைச் சேர்க்கச் சொல்லி மார்ச் 6ஆம் தேதி கடிதம் எழுதினார். மேலிடம் 30 பேருக்கு மட்டும் அனுமதி கொடுத்தது. மே மாதத்தில் 29 பேர் உறுதிமொழி எடுத்தார்கள்.

இந்த இடத்தில் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். யோசனை ஜான்ஸ்டனுடையது. குறியீடு அவருடையது அல்ல. சொல் சொல்லாக உட்கார்ந்து அதை உருவாக்கியவர்கள் அந்த 29 பேர். அவர்களில் பலர் இருபது வயதைக்கூடத் தாண்டாதவர்கள்.

அந்தப் பையன்களின் பின்னணி எப்படிப்பட்டது? செஸ்டர் நெஸ்ஸை எடுத்துக்கொள்வோம். 1921இல் நியூ மெக்ஸிகோவில் பிறந்தவர். செஸ்டர் என்பது பள்ளிக்கூடத்தில் வைத்த பெயர்; முன்னாள் ஜனாதிபதி ஒருவருடைய பெயரைத் தூக்கி இவருக்குக் கொடுத்தார்கள். தாய்மொழியில் பேசியதற்காக வாயைச் சோப்புப் போட்டுக் கழுவினார்கள். கார்ல் கோர்மன் என்ற மற்றொருவரைச் சங்கிலியால் கட்டிப்போட்டார்கள். 1930களில் மேய்ச்சல் நிலம் அரித்துப்போகிறது என்று சொல்லி அரசு ஆட்டு மந்தைகளைக் குறைத்தது. லட்சக்கணக்கான ஆடுகள் போயின. நவஹோ வீட்டில் ஆடு என்பது சோறு, கம்பளி, சீர், பாட்டி கையிலிருக்கும் செல்வம் எல்லாம்தான். நெஸ்ஸின் குடும்பமும் தங்கள் மந்தை அழிவதைக் கண்முன்னால் பார்த்தது. இதெல்லாம் நடந்து பத்து வருடம்கூட ஆகவில்லை, பையன்கள் சீருடை போட்டுக்கொண்டார்கள்.

ஏன் போனார்கள் என்று எல்லோரும் கேட்கும் கேள்விக்கு அவர்கள் சொன்ன பதில் பெரும்பாலும் ஒன்றுதான்: இது எங்கள் நிலம், நான்கு புனித மலைகளுக்கு நடுவே உள்ள எங்கள் தாய். கொடிக்காகப் போனதாக மட்டும் இதைப் படிப்பது அவர்களைப் பாதிதான் படிப்பது.

மாமா, செம்மறி, கரடி

டினே மொழி ஏன் உடைக்க முடியாததாக இருந்தது? நமக்கு இது சட்டென்று விளங்கும். ல, ள, ழ மூன்றையும் வேற்றுமொழிக்காரர் காதில் போட்டுப் பாருங்கள். மூன்றும் ஒன்றாகத்தான் கேட்கும். டினேயில் இது பல மடங்கு. ஒரே எழுத்தொலி ஏற்றத் தொனியில் ஒரு பொருள், இறக்கத்தில் வேறு பொருள். தொண்டையை அடைத்துத் திறக்கும் மெய்கள், மூக்கில் போகும் உயிர்கள். வினைச்சொல்லோ முன்னொட்டுக்கு மேல் முன்னொட்டாக அடுக்கி, ஒரு முழு வாக்கியத்தையே சுமக்கும். அன்று அந்த மக்களுக்கு வெளியே அதைப் பேசத் தெரிந்தவர்கள் முப்பது பேர்கூட இல்லை என்று கணக்கிட்டிருந்தார்கள்.

ஆனால் மொழி மட்டும் குறியீடு ஆகாது. மொழிக்குள் இன்னொரு பூட்டு வைத்தார்கள். போர்க்கருவிகளுக்கு உயிரினங்களின் பெயர். டாங்கி ஆமை ஆனது. நீர்மூழ்கிக் கப்பல் இரும்பு மீன். போர்க்கப்பல் திமிங்கலம். சண்டை விமானம் ரீங்காரச் சிட்டு, குண்டு போடும் விமானம் பிணந்தின்னிக் கழுகு, அது போடும் குண்டுகள் முட்டைகள். கையெறி குண்டு உருளைக்கிழங்கு. அமெரிக்காவுக்கு 'நெ-ஹெ-மா', நம் அம்மா. வாயைச் சோப்பால் கழுவிய நாட்டுக்கு வைத்த பெயர் அது. இந்த ஒரு சொல்லைத் தாண்டிப் போக எனக்கு ஒவ்வொரு முறையும் நேரம் எடுக்கிறது.

ஊர்ப்பெயர், ஆள்பெயர் வந்தால் எழுத்தெழுத்தாகச் சொல்ல வேண்டும். ஒவ்வொரு ஆங்கில எழுத்துக்கும் அந்த எழுத்தில் தொடங்கும் ஆங்கிலச் சொல் ஒன்று. அந்தச் சொல்லின் டினே பெயரைத்தான் வாயால் சொல்வார்கள். 1945 பிப்ரவரி 23, ஈவோ ஜீமா தீவு. சுரிபாச்சி மலை பிடிபட்ட செய்தி இப்படிப் போனது:

திபே, ஷி-தா, தா-நெஸ்-ட்ஸா, ட்கின், ஷஷ், வோ-லா-சீ, மோசி, லின், யே-ஹெஸ்.

செம்மறி, மாமா, கிடா, பனிக்கட்டி, கரடி, எறும்பு, பூனை, குதிரை, அரிப்பு. இவற்றுக்கான ஆங்கிலச் சொற்களின் முதல் எழுத்தைக் கோத்தால் சுரிபாச்சி. இரண்டாவதாக வரும் 'ஷி-தா'வை ஆங்கிலத்தில் வெறும் 'அங்கிள்' என்று போட்டார்கள். டினேயில் அது தாய்மாமனைத்தான் குறிக்கும். தாய்வழியில் குலம் பார்க்கும் மக்கள் அல்லவா, அம்மாவின் தம்பிக்கும் அப்பாவின் தம்பிக்கும் ஒரே சொல் அவர்களுக்கு ஆகாது. இந்த நுணுக்கம் தமிழ் வாசகருக்கு விளக்காமலே புரியும்.

ஒரே எழுத்து அடிக்கடி வந்தால் எதிரி எண்ணிக்கையை வைத்தே பிடித்துவிடுவான் என்பதால், அதிகம் வரும் எழுத்துகளுக்கு இரண்டு மூன்று மாற்றுச் சொற்கள் வைத்தார்கள். மேலே உள்ள வரிசையில் ஒரே எழுத்துக்குப் பனிக்கட்டியும் அரிப்பும் வருவது அதனால்தான். தொடக்கத்தில் இருநூற்றுச் சொச்சமாக இருந்த குறியீட்டுச் சொற்கள் போர் முடியும்போது நானூறைத் தாண்டின. எதையும் காகிதத்தில் எழுதிப் போர்முனைக்குக் கொண்டுபோகக் கூடாது, எல்லாம் மனப்பாடம். கதைகளையும் சடங்குப் பாடல்களையும் எழுத்தில்லாமல் காத்துவந்த வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு இது புதிது அல்ல.

ஈவோ ஜீமாவில் முதல் 48 மணி நேரத்தில் ஆறு பேர் மாறி மாறி உட்கார்ந்து 800க்கும் அதிகமான செய்திகளைப் பிழையில்லாமல் அனுப்பி வாங்கினார்கள். ஐந்தாவது டிவிஷனின் தகவல்தொடர்பு அதிகாரி மேஜர் ஹோவர்ட் கானர், நவஹோக்கள் இல்லாவிட்டால் அந்தத் தீவைப் பிடித்தே இருக்க முடியாது என்றார்.

குறியீடு எவ்வளவு உறுதி என்பதற்கு ஒரு கொடிய சாட்சி உண்டு. ஜோ கீயோமியா நவஹோ. ஆனால் குறியீட்டாளர் அல்ல. பிலிப்பைன்ஸில் ஜப்பானியர் கையில் சிக்கி, கைதிகளை நடத்தியே கொண்டுபோன பட்டான் மரண நடையில் பிழைத்தவர். முகத்தைப் பார்த்து, இவன் ஜப்பானிய வம்சாவளி, துரோகி என்று முதலில் அடித்தார்கள். நவஹோ என்று தெரிந்த பிறகு, ஒட்டுக்கேட்ட செய்திகளைப் போட்டுக் காட்டி அர்த்தம் சொல்லச் சொல்லிச் சித்திரவதை செய்தார்கள். அவருக்குச் சொற்கள் தெரிந்தன. செம்மறி, மாமா, கரடி. பொருள் மட்டும் பிடிபடவில்லை.

இதற்கு எதிர்ப்பக்கமும் நடந்தது. குறியீட்டாளர்களையே ஜப்பானிய உளவாளி என்று நினைத்து அமெரிக்கச் சிப்பாய்கள் பிடித்துத் துப்பாக்கியை முதுகில் வைத்த சம்பவங்கள் உண்டு. அதனால் சிலருக்கு வெள்ளைக்காரத் துணை ஒருவரைக் கூடவே அனுப்பினார்கள். இரண்டு ராணுவமும் முகத்தைத்தான் பார்த்தன.

வேலிக்கு அந்தப் பக்கம்

இப்போது லூப்புக்கு வருவோம். அங்கே கொண்டுவரப்பட்டவர்கள் மற்ற முகாம்களில் 'தொந்தரவு கொடுப்பவர்கள்' என்று முத்திரை குத்தப்பட்டவர்கள். அவர்களில் ஹாரி உயேனோ ஒருவர். ஹவாயில் பிறந்த குடிமகன். மன்சனார் முகாமில் சமையல்கூடத் தொழிலாளர் சங்கத்தைக் கட்டியவர். அடைபட்டவர்களுக்கு வரவேண்டிய சர்க்கரையும் இறைச்சியும் களவு போகிறது என்று கேள்வி கேட்டார். 1942 டிசம்பரில் இன்னொரு தகராறில் அவரைக் கைதுசெய்ததும் முகாம் கொந்தளித்தது. ராணுவம் சுட்டதில் இரண்டு பேர் செத்தார்கள். உயேனோவை யூட்டாவின் மோவாபுக்கும் பிறகு லூப்புக்கும் அனுப்பினார்கள். எந்த நீதிமன்றமும் அவரை விசாரிக்கவில்லை. மோவாபிலிருந்து லூப்புக்குச் சிலரை லாரியின் பின்னால் ஏற்றிய மரப்பெட்டிக்குள் அடைத்தே கொண்டுவந்தார்கள்.

லூப்பின் நிர்வாகியே, இங்கே இருக்கும் பலர் இங்கே இருக்க வேண்டியவர்களே அல்ல என்ற முடிவுக்கு வந்தார். 1943 டிசம்பர் 2ஆம் தேதி முகாம் மூடப்பட்டு, எஞ்சியவர்கள் டூல் லேக் முகாமுக்கு மாற்றப்பட்டார்கள். ஏழு மாதம்தான். அதனால்தானோ என்னவோ, போர்க்கால வரலாறுகளில் லூப்புக்கு ஒரு பத்திக்கு மேல் இடம் கிடைப்பதில்லை.

ஏழு மாதம் என்றாலும் அந்த இடத்தின் தேர்வு தற்செயல் அல்ல. யாருக்கும் தெரியாத தூரத்தில், ஆட்களை அடைத்துவைக்க ஏற்கெனவே கட்டிய கட்டடம் வேண்டும் என்று அரசு தேடியபோது கைக்கு அகப்பட்டது பூர்வகுடிப் பிள்ளைகளின் பள்ளி. பெரிய முகாம்களும் இப்படித்தான். பத்து முகாம்களில் அரிசோனாவில் இருந்த இரண்டும், போஸ்டனும் கீலா ரிவரும், பூர்வகுடி ஒதுக்கீட்டு நிலத்தில் கட்டப்பட்டன. அந்த மக்களின் சபைகள் எதிர்த்தன. எங்களுக்கு நடந்ததை எங்கள் நிலத்தில் வைத்து இன்னொருவருக்குச் செய்யாதீர்கள் என்ற குரலும் அதில் இருந்தது.

கீலா ரிவர்தான் ஐரா ஹேஸ் பிறந்து வளர்ந்த நிலம். செம்மறி, மாமா, கிடா என்று குறியீட்டாளர்கள் எழுத்துக்கூட்டிய அதே சுரிபாச்சி மலையில் கொடி நட்ட ஆறு பேரில் ஒருவர், புகழ்பெற்ற அந்தப் புகைப்படத்தில் இருப்பவர். அவர் கொடியைப் பிடித்திருந்த நேரத்தில் அவருடைய ஊர்நிலத்தில் ஆயிரக்கணக்கான குடிமக்கள் வேலிக்குள் இருந்தார்கள்.

ஜப்பானிய மொழிக்கும் இதே கதிதான். முகாம்களில் அந்த மொழி சந்தேகத்துக்குரியது. அதே முகாம்களிலிருந்துதான் ராணுவ உளவுப் பிரிவு மொழிபெயர்ப்பாளர்களைத் தேடி ஆள் எடுத்தது. பிடிபட்ட ஆவணங்களைப் படிக்கவும் கைதிகளை விசாரிக்கவும் ஆயிரக்கணக்கானவர்கள் பசிபிக்குக்குப் போனார்கள். நவஹோவின் மொழியைப் போலவே அவர்கள் மொழியும் தேவைப்பட்டபோது ஆயுதம், தேவையில்லாதபோது குற்றம்.

காலப் அலுவலகம்

போர் முடிந்தது. செஸ்டர் நெஸ் ஊர் திரும்பினார். குவாடல்கனாலிலிருந்து தொடங்கித் தீவு தீவாகப் போய் வந்தவர். பூர்வகுடிகள் வைத்திருக்க வேண்டிய அடையாள அட்டைக்காக நியூ மெக்ஸிகோவின் காலப் நகர அரசு அலுவலகத்துக்குச் சீருடையிலேயே போனார். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்த அலுவலர், நீ இந்த நாட்டின் முழுக் குடிமகன்கூட இல்லை, உனக்கு வாக்குக்கூடக் கிடையாது என்று சொன்னதை நெஸ் தன் நினைவுகளில் பதிவுசெய்திருக்கிறார்.

அந்த ஆளிடம் நெஸ்ஸால் எதையும் சொல்ல முடியாது. என்ன வேலை செய்தாய் என்றால் ரேடியோவில் பேசினேன் என்பதற்கு மேல் வாய் திறக்கக் கூடாது. குறியீடு மறுபடி தேவைப்படலாம் என்று ரகசியமாகவே வைத்தார்கள். 1968இல்தான் ரகசியம் நீங்கியது. 23 வருடம், பெற்ற பிள்ளைகளுக்கும் தெரியாமல் வாழ்ந்தார்கள். போர்வீரர்களுக்கென அரசு உறுதி தந்த வீட்டுக் கடனும் பலருக்குக் கிடைக்கவில்லை. ஒதுக்கீட்டு நிலம் அரசின் பொறுப்பில் இருப்பதால் அதை அடமானம் வைக்க முடியாது என்று வங்கிகள் கைவிரித்தன.

வாக்குரிமையை வாங்கிக் கொடுத்ததும் போரிலிருந்து திரும்பியவர்கள்தான். அரிசோனாவில் ஃபோர்ட் மெக்டவலைச் சேர்ந்த ஃபிராங்க் ஹாரிசன், ஹாரி ஆஸ்டின் இருவரும் தொடுத்த வழக்கில் 1948 ஜூலையில் பழைய தீர்ப்பு உடைந்தது. அடுத்த மாதமே நியூ மெக்ஸிகோவில், ஈஸ்லெட்டா ப்வெப்லோவைச் சேர்ந்த முன்னாள் மரீன் மிகெல் ட்ருஹியோ தொடுத்த வழக்கும் வென்றது. இருந்தும் எழுத்தறிவுத் தேர்வு என்ற முட்டுக்கட்டை அரிசோனாவில் அப்புறமும் இருபது வருடத்துக்கு மேல் கிடந்தது. ஆங்கிலத்தில் படித்துக் காட்டினால்தான் வாக்கு. டினே மட்டும் தெரிந்த அம்மாக்களும் பாட்டிகளும் வெளியே நின்றார்கள்.

2001 ஜூலை 26ஆம் தேதி முதல் 29 பேருக்கும் காங்கிரஸின் தங்கப் பதக்கம் வழங்கப்பட்டது. வாங்க உயிரோடு இருந்தவர்கள் ஐந்து பேர். நெஸ் அவர்களில் ஒருவர். 2014 ஜூன் 4ஆம் தேதி, 93 வயதில், அந்த 29 பேரில் கடைசியாக இறந்தவரும் அவர்தான்.

மறுபடியும் எல்க்

இந்த ஆய்வை 2001இல் முடிக்க முடியாததற்குக் காரணம் 2025.

ஜனவரி 20ஆம் தேதி, உரிய ஆவணமின்றியோ தற்காலிக அனுமதியிலோ அமெரிக்காவில் இருப்பவர்களுக்குப் பிறக்கும் பிள்ளைகளுக்குக் குடியுரிமை இல்லை என்று ஜனாதிபதி டிரம்ப் ஓர் ஆணை போட்டார். அதை எதிர்த்த வழக்கில் அரசு வழக்கறிஞர்கள் தேடி எடுத்து மேற்கோள் காட்டிய தீர்ப்புகளில் ஒன்று எல்க் வழக்கு. பிறந்தாலே போதாது என்பதற்கு, பூர்வகுடிகளே பிறப்பால் குடிமக்களாகக் கருதப்படவில்லையே என்று சான்று. 1884இல் ஒரு பூர்வகுடி மனிதனை வெளியே நிறுத்தப் பயன்பட்ட வாதம், 141 வருடம் கழித்துக் குடியேறியவர்களின் கைக்குழந்தைகளை வெளியே நிறுத்த மறுபடி கொண்டுவரப்பட்டது. இரண்டு அலமாரியும் ஒன்று என்று நான் சொன்னது இதைத்தான்.

அதே ஜனவரியின் கடைசியில், குடியேற்றச் சோதனைகளின்போது அரிசோனாவிலும் நியூ மெக்ஸிகோவிலும் குறைந்தது 15 பூர்வகுடி மக்கள் வீட்டிலும் வேலையிடத்திலும் நிறுத்தப்பட்டு, குடியுரிமைக்கு ஆதாரம் கேட்கப்பட்டதாக நவஹோ நிர்வாகத்துக்குப் புகார்கள் வந்தன. மார்ச் மாதத்தில் ராணுவ இணையதளங்களிலிருந்து நவஹோ குறியீட்டாளர்கள் பற்றிய பக்கங்கள் காணாமல் போயின. எதிர்ப்பு எழுந்த பிறகு திரும்பப் போட்டார்கள்.

வெளியே போகும்போது ஓட்டுநர் உரிமம், அடையாள அட்டை, பூர்வகுடி இரத்தச் சான்றிதழ் ஆகியவற்றைக் கையோடு வைத்திருங்கள் என்று நவஹோ தலைவர் பூ நைக்ரன் தன் மக்களுக்குச் சொன்னார். அந்தச் சான்றிதழில் பெயரும் பிறந்த தேதியும் இருக்கும். உடம்பில் ஓடும் இரத்தத்தில் எத்தனை பங்கு நவஹோ என்பதும் அதில் எழுதியிருக்கும், பின்னமாக: நான்கில் நான்கு, நான்கில் மூன்று, நான்கில் ஒன்று.